காத்திருப்போருக்காகக் கையேந்துவோம்

(பங்கின் பொன்விழா ஆண்டில், திருவருகைக் காலத் தியான நாளன்று ஆற்றப்பட்ட உரை)



பொன்விழாக் காணும் இப்பங்குக்கு என் இதயம் நிறைந்த வாழ்த்துக்கள். ஐம்பது ஆண்டுகளில் இங்கே எழும்பிய கோயில், மணிக்கூண்டு, கெபி, பள்ளிக்கூடம் ஆகியவற்றைப் பற்றி விழா மலரில் மற்றவர்கள் எழுதுவார்கள். கண்ணுக்குத் தெரியாத ஒரு கட்டடத்தைப் பற்றிப் பேச விரும்புகிறேன். ஆண்டுக்கு 52 ஞாயிறு. ஐம்பது ஆண்டுகளுக்கு 2,600 ஞாயிறு. ஞாயிறுதோறும் நான்கு மன்றாட்டு என்று வைத்தாலும், இக்கோயிலில் பதினாயிரத்துக்கு மேற்பட்ட மன்றாட்டுகள் விண்ணை நோக்கி எழுந்துள்ளன. இப்பங்கைத் தாங்கும் தூண்களில் அவையும் சேரும்.

அந்த விசுவாசிகள் மன்றாட்டைப் பற்றி, சிறப்பாகத் திருவருகைக் காலத்தில் அதை எப்படிச் சொல்ல வேண்டும் என்பதைப் பற்றிச் சில கருத்துக்களை உங்கள்முன் வைக்கிறேன்.

1. எங்கிருந்து வந்தது?

இம்மன்றாட்டு நேற்று முளைத்ததன்று. அரசர்களுக்காகவும் அதிகாரத்தில் இருப்போர் அனைவருக்காகவும், எல்லா மனிதருக்காகவும் மன்றாடும்படி புனித சின்னப்பர் திமொத்தேயுவுக்கு எழுதிய முதல் திருமுகத்தின் 2-ஆம் அதிகாரத்திலேயே பணிக்கிறார். ஏறத்தாழ 155-ஆம் ஆண்டில், மறைச்சாட்சியான புனித ஜஸ்டின் உரோமைப் பேரரசனுக்கு எழுதிய விண்ணப்பத்தில் கிறிஸ்தவர்களின் ஞாயிறு வழிபாட்டை விவரிக்கிறார். வாசகங்கள் முடிந்து, தலைவர் அறிவுரை கூறியபின், அனைவரும் எழுந்து நின்று மன்றாடுகிறார்கள். அதன்பின்னரே அப்பமும் இரசமும் கொண்டுவரப்படுகின்றன. நாம் இன்று செய்யும் அதே வரிசை!

காலப்போக்கில் உரோமைத் திருப்பலியில் இம்மன்றாட்டு மறைந்துபோயிற்று. பெரிய வெள்ளிக்கிழமை வழிபாட்டில் மட்டும் பழைய சிறப்புடன் நிலைத்தது. அன்று நாம் சொல்லும் பத்து மன்றாட்டுகள் அந்தப் பழஞ்செல்வத்தின் எச்சமே.

நம் தமிழகத்தில் நிலைமை எப்படி இருந்தது? 1542-இல் முத்துக்குளித்துறைக்கு வந்த புனித சவேரியார், இருமொழியும் அறிந்தவர்களைத் துணைக்கு வைத்துக்கொண்டு முக்கியமான செபங்களைத் தமிழாக்கி, மனப்பாடம் செய்து, மணியடித்துச் சிறுவர்களைக் கூட்டிக் கற்பித்தார். 1578-இல் கொல்லத்தில் அச்சான ‘தம்பிரான் வணக்கம்’ தமிழ் எழுத்தில் வந்த முதல் அச்சு நூல்களுள் ஒன்று. ஆகவே தமிழில் செபிக்க நமக்கு நெடுங்காலமாகவே தெரியும். ஆனால் திருப்பலியிலோ பீடத்தில் குரு இலத்தீனில் செபிப்பார். கீழே மக்கள் செபமாலை சொல்லிக்கொண்டிருப்பார்கள். இரண்டு செபமும் ஒரே கூரையின்கீழ் நடந்தன; ஒன்றோடொன்று பேசிக்கொள்ளவில்லை.

அந்தச் சுவரை உடைத்தது இரண்டாம் வத்திக்கான் சங்கம். திருவழிபாடு பற்றிய ஏடு 1963-ஆம் ஆண்டு டிசம்பர் 4-ஆம் நாள் வெளியிடப்பட்டது. அதன் 53-ஆம் எண், ஞாயிறுகளிலும் கடன் திருநாட்களிலும் மக்களின் பொது மன்றாட்டு மீண்டும் இடம்பெற வேண்டும் என்று கூறுகிறது. அதன் பயனாக வந்த புதிய திருப்பலி முறை 1969-ஆம் ஆண்டு நவம்பர் 30 முதல் நடைமுறைக்கு வந்தது. இந்த இரண்டு நாட்களையும் பஞ்சாங்கத்தில் பாருங்கள். முதலாவது நாள் திருவருகைக்கால முதல் வாரத்துப் புதன்கிழமை. இரண்டாவது நாள் திருவருகைக்கால முதல் ஞாயிறு. இழந்த மன்றாட்டைத் திருச்சபை நமக்குத் திருப்பித் தந்தது திருவருகைக் காலத்தில்தான்!

2. யாருடைய மன்றாட்டு?

திருப்பலி நூலின் பொதுப் போதனை இதைத் தெளிவாகச் சொல்கிறது. ஞானஸ்நானத்தால் பெற்ற குருத்துவப் பணியை மக்கள் இம்மன்றாட்டில் நிறைவேற்றுகிறார்கள். குரு முன்னுரை கூறுவார். முடிவுச் செபம் சொல்வார். நடுவில் உள்ளது உங்களுடையது. பழைய திருச்சபையில் ஞானஸ்நானம் பெறாதவர்கள் இம்மன்றாட்டுக்குமுன் அனுப்பப்பட்டனர் என்றால், அதன் பெருமையை எண்ணிப் பாருங்கள். பீடத்தில் நிற்கும் எங்களால் உங்களுக்குப் பதிலாக இதைச் செய்ய முடியாது.

குருத்துவம் என்றால் என்ன? பிறருக்காக ஆண்டவர்முன் நிற்பது. சோதோமுக்காக ஆபிரகாம் நின்றார்; ஐம்பது நீதிமான்களில் தொடங்கிப் பத்துவரை இறங்கிவந்து பேசினார். அந்த ஊர் அவருடைய ஊரன்று. கன்றுக்குட்டியை வணங்கிய மக்களுக்காக மோயீசன் நின்றார். மாற்கு நற்செய்தி 2-ஆம் அதிகாரத்தில் நான்கு பேர் முடக்குவாதக்காரனைச் சுமந்துவந்து, கூரையைப் பிரித்து, ஆண்டவர்முன் இறக்குகிறார்கள். அந்த நால்வர் தங்களுக்கென்று ஒன்றும் கேட்கவில்லை. அவர்களது விசுவாசத்தை ஆண்டவர் கண்டார் என்று நற்செய்தி கூறுகிறது. பரிந்துரை மன்றாட்டுக்கு இதைவிடச் சிறந்த படம் கிடையாது. நடக்க முடியாதவனைச் சுமந்துவருவதே நம் வேலை. கேட்கப் பெலனற்றவர், கேட்க விருப்பமற்றவர், கேட்கத் தெரியாதவர் எல்லாரையும் கட்டிலோடு தூக்கி வர வேண்டும்.

ஆகவே நான்கு வகைத் தேவைகளைத் திருச்சபை வரிசைப்படுத்தித் தந்திருக்கிறது. முதலில் திருச்சபை, அடுத்து நாட்டை ஆள்வோரும் உலக முழுமையின் மீட்பும், மூன்றாவது எவ்வகையிலேனும் துன்புறுவோர், இறுதியில் நம் பங்கு. கவனியுங்கள்: நம் வீட்டுக் கதை கடைசியில் வருகிறது. பல கோயில்களில் இந்த வரிசை தலைகீழாகி, நான்கு மன்றாட்டுமே நம் பிள்ளைகளின் படிப்பு, நம் குடும்பத்தின் நலம், நம் விழாவின் வெற்றி என்று முடிந்துவிடுகிறது. இவற்றைக் கேட்பது தவறன்று. ஆனால் இவற்றை மட்டும் கேட்பவன் கட்டிலைச் சுமக்கவில்லை. கட்டிலில் ஏறிப் படுத்துக்கொள்கிறான்!

3. திருவருகைக் காலத்தின் தனிக் குரல்

இக்காலத்துக்கு இரண்டு முகங்கள் உண்டு. டிசம்பர் 16 வரை ஆண்டவரின் இரண்டாம் வருகையை நோக்கியும், 17 முதல் 24 வரை பெத்லகேமை நோக்கியும் வழிபாடு நம்மை நடத்துகிறது. இரண்டுக்கும் பொதுவான சொல் ஒன்றே: ‘வாரும்’. முதல் கிறிஸ்தவர்கள் ‘மாரனாதா’ என்று தங்கள் அரமேய மொழியிலே சொன்ன செபமும் அதுவே.

இந்தச் சொல்லை எப்படிச் சொல்வது என்று கற்க வேண்டுமா? டிசம்பர் 17 முதல் 23 வரை மாலைச் செபத்தில், தேவதாயின் கீதத்துக்குமுன் திருச்சபை சொல்லும் ஏழு அழைப்புகளைப் பாருங்கள். ஞானம், ஆண்டவர், ஈசாயின் வேர், தாவீதின் திறவுகோல், உதய சூரியன், மக்களினத்தாரின் மன்னர், எம்மானுவேல் என்று ஏழு பெயர்களால் மீட்பர் அழைக்கப்படுகிறார். இலத்தீனில் இவற்றின் முதலெழுத்துக்களைப் பின்னிருந்து படித்தால் ‘ஏரோ கிராஸ்’ என்று வரும்; ‘நாளை நான் இருப்பேன்’ என்பது அதன் பொருள். ஏழு நாள் நாம் ‘வாரும்’ என்கிறோம். எட்டாம் நாளுக்கான விடை நம் அழைப்புக்குள்ளேயே ஒளிந்திருக்கிறது.

இந்த அழைப்புகளின் அமைப்பு நமக்கு நல்ல பாடம். முதலில் ஆண்டவரைப் பெயர் சொல்லி அழைக்கிறோம். பிறகு அவர் யார், என்ன செய்தார் என்று நினைவுகூர்கிறோம். இறுதியில் ‘வாரும், இதைச் செய்யும்’ என்கிறோம். திறவுகோலானவரிடம் சிறையில் இருப்பவனுக்காகவும், உதய சூரியனிடம் இருளில் இருப்பவனுக்காகவும் வேண்டுகிறோம். நம் மன்றாட்டுகளையும் இப்படியே அமைக்கலாம் அல்லவா?

அப்படியானால் இக்காலத்தில் யாருக்காக மன்றாட வேண்டும்? காத்திருப்போருக்காக. திருவருகைக் காலம் காத்திருப்போரின் காலம். நம் தெருக்களில் காத்திருப்போர் எத்தனை பேர்! வாய்தா மேல் வாய்தாவாக நீதிமன்றப் படி ஏறுகிறவர், அரசு மருத்துவமனையில் அறுவைச் சிகிச்சைக்குத் தேதி கேட்டு நிற்பவர், வரன் அமையாத மகளை வைத்துக்கொண்டிருக்கும் தாய், வளைகுடா நாட்டிலிருக்கும் கணவனின் குரலுக்காகத் தொலைபேசி அருகிலேயே இருக்கும் மனைவி, படித்துவிட்டு வேலைக்காக நிற்கும் இளைஞன், கார்த்திகை மழையை எதிர்பார்த்து வானத்தைப் பார்க்கும் உழவன். மேகங்கள் நீதியைப் பொழிவதைப் பற்றி இசையாஸ் ஆகமம் 45-ஆம் அதிகாரம் பேசுகிறது. வடகிழக்குப் பருவ மழையிலே திருவருகைக் காலத்தைக் கொண்டாடும் நமக்கு அந்த உவமையை யாரும் விளக்க வேண்டியதில்லை.

இவ்விடத்தில் ஒரு கடினமான கேள்வியைத் தாண்டிச் செல்ல எனக்கு மனம் வரவில்லை. மன்றாடியும் கிடைக்காதபோது என்ன செய்வது?

2017-ஆம் ஆண்டு நவம்பர் 30-ஆம் நாள் ஒக்கிப் புயல் குமரிக் கடலைத் தாக்கியது. குமரி மாவட்டக் கடற்கரைக் கிராமங்களிலிருந்து ஆழ்கடலுக்குச் சென்றிருந்த மீனவர் பலர் கரை திரும்பவில்லை. அவர்களில் மிகப் பலர் நம் கத்தோலிக்க மக்கள். டிசம்பர் 3 வந்தது. அது திருவருகைக்கால முதல் ஞாயிறு. சவேரியார் காலமான நாளும் அதுவே. அன்றைய முதல் வாசகம், வானத்தைப் பிளந்து இறங்கி வரமாட்டீரா என்று இறைவனிடம் கதறும் இசையாஸின் பகுதி. நற்செய்தியோ, தலைவன் மாலையில் வருவானோ, நள்ளிரவில் வருவானோ, கோழி கூவும் நேரத்தில் வருவானோ தெரியாமல் விழித்திருக்கும் காவல்காரனைப் பற்றிய மாற்கு நற்செய்திப் பகுதி. அந்த வாசகங்களைக் கரையில் கண்விழித்து நின்ற தாயும் மனைவியும் பிள்ளைகளும் எப்படிக் கேட்டிருப்பார்கள்! பலருக்கு அவர்கள் காத்திருந்தவர் வரவேயில்லை.

இதற்கு எளிய பதில் சொல்லித் தப்ப நான் விரும்பவில்லை. ஆண்டவரே ஒலிவ மலையில் கேட்டார், கிண்ணம் அகலவில்லை. ஆயினும் ஒன்று சொல்வேன். கேட்டவுடன் கிடைக்கும் பட்டியலாக மன்றாட்டை நாம் நினைத்திருந்தால், அத்தகைய நாளில் வாய் அடைத்துப்போகும். ஆனால் பிறரோடு சேர்ந்து ஆண்டவர்முன் நிற்பதே மன்றாட்டு என்று கற்றிருந்தால், அந்த நாளிலும் நிற்கலாம். மகனை இழந்தவளால் வாய்திறந்து செபிக்க முடியாது. அப்போது அவளுக்காக முழுக் கோயிலும் வாய்திறக்க வேண்டும். அதற்காகத்தான் இது ‘பொது’ மன்றாட்டு. தனியே சுமந்தால் நசுங்கிப்போகும் பாரத்தை ஊர் சேர்ந்து தூக்குகிறது.

4. எப்படித் தயாரிப்பது?

கானாவூர்க் கலியாண வீட்டில் தேவதாய் சொன்ன மன்றாட்டு எவ்வளவு சிறியது! இரசம் தீர்ந்துவிட்டது என்ற செய்தியை மட்டும் சொன்னார். காரணம் சொல்லவில்லை, வீட்டாரைக் குறை கூறவில்லை, வழிமுறையும் எடுத்துச் சொல்லவில்லை. அத்தாயிடம் நாம் கற்க வேண்டியவை மூன்று.

முதலாவது, பார்க்க வேண்டும். விருந்தில் குறைவைக் கண்டது அவர் ஒருவரே. மன்றாட்டு எழுதுவோர் பழைய புத்தகத்தைத் திறக்குமுன் தெருவில் இறங்கி நடக்க வேண்டும். வியாழக்கிழமை அன்பியக் கூட்டத்தில், ‘இந்த வாரம் நம் பகுதியில் யார் காத்திருக்கிறார்கள்?’ என்று ஒரே ஒரு கேள்வி கேளுங்கள். அந்த வார வாசகங்களையும் படியுங்கள். கேள்விக்கு வந்த விடையும் வாசகமும் சந்திக்கும் இடத்தில் மன்றாட்டு பிறக்கும்.

இரண்டாவது, சுருக்கம். சில இடங்களில் மன்றாட்டு மறையுரையைவிட நீள்கிறது. வேறு சில இடங்களில் அறிவிப்பாகிவிடுகிறது. பக்கத்து வீட்டுக்காரனுக்குச் சொல்ல வேண்டியதை ஆண்டவர் வழியாகச் சொல்லி அனுப்புகிறோம்! ஒரு மூச்சில் சொல்லி முடிக்க முடியாதது மன்றாட்டாகாது. சொன்னபின் சற்று மௌனம் வேண்டும். பதில் சொல்லுமுன் ஒவ்வொருவரும் அந்த ஆளை மனக்கண்ணால் காண நேரம் கொடுங்கள்.

மூன்றாவது, மறைக்க வேண்டியதை மறைப்பது. நோயாளியின் பெயரைச் சொல்லுமுன் வீட்டாரிடம் கேளுங்கள். ஒரு குடும்பத்தின் கடனோ சண்டையோ ஒலிபெருக்கியில் வரக்கூடாது. ‘கடன் சுமையால் உறங்க இயலாதவர்களுக்காக’ என்றால் போதும். யாருக்காக என்று ஆண்டவருக்குத் தெரியும், அவனுக்கும் தெரியும்.

மேலும் ஒன்று: படிக்க நன்றாக வரும் நான்கு மாணவர்களிடமே எப்போதும் தாளைக் கொடுக்காதீர்கள். விதவைத் தாயும், கொத்தனாரும், வயலில் வேலை செய்யும் அக்காவும் ஒருமுறை அங்கே நிற்கட்டும். எழுத்துக்கூட்டிப் படித்தாலும் பரவாயில்லை.

5. நான்கு ஞாயிறுகளுக்கு மாதிரி மன்றாட்டுகள்

கீழே தருபவை வழிகாட்டிகளே. உங்கள் ஊருக்கேற்ப மாற்றி எழுதுங்கள். பதிலாக இதைச் சொல்லலாம்: ‘காத்திருக்கும் உம் மக்கள்மேல் இரங்கும், ஆண்டவரே.’

முதல் ஞாயிறு – விழிப்பு

மீண்டும் வருவேன் என்ற ஆண்டவரே, உமது திருச்சபை பதவியிலும் புகழிலும் கண்ணயராமல், ஏழையின் கதவருகே விழித்திருக்க அருள்தாரும்.

கடலில் தொழில் செய்வோரையும், அவர்களுக்காகக் கரையில் விளக்கோடு காத்திருப்போரையும் காத்தருளும்.

இரவில் கண்விழிக்கும் தாதியர், காவலர், ஓட்டுநர், நோயாளிகள் அனைவரோடும் நீர் விழித்திருந்தருளும்.

இரண்டாம் ஞாயிறு – பாதை

பாலைவனத்தில் பாதை திறக்கும் ஆண்டவரே, நாட்டை ஆள்வோர் எளியவரின் வழக்கை முதலில் கேட்கச் செய்யும்.

1950-ஆம் ஆண்டு ஆணையால் அட்டவணைச் சாதியினருக்குரிய உரிமை மறுக்கப்பட்டு இன்னும் காத்திருக்கும் தலித் கிறிஸ்தவ மக்களுக்கு நீதி கிடைக்கச் செய்யும்.

மலைகளைத் தாழ்த்துகிறவரே, ஒரே கிண்ணத்தில் பங்குகொள்ளும் எங்கள் நெஞ்சில் நிற்கும் சாதி மேட்டைத் தாழ்த்தும். கல்லறையிலும் எங்களைப் பிரிக்கும் சுவர்களை இடித்தருளும்.

மூன்றாம் ஞாயிறு – மகிழ்ச்சி

சிறையிலிருந்து கேள்வி அனுப்பிய ஸ்நாபக அருளப்பருக்கு விடையளித்த ஆண்டவரே, சிறையில் வாடுவோருக்கும் அவர்தம் பிள்ளைகளுக்கும் நம்பிக்கை தாரும்.

விசுவாசத்தில் ஐயமுற்று, கோயிலுக்கு வர மனமின்றி விலகி நிற்போரை அன்புடன் நினைத்தருளும்.

இவ்விழாக் காலத்தில் புத்தாடை வாங்க வழியற்ற வீடுகளில் உமது மகிழ்ச்சி நுழையட்டும்.

நான்காம் ஞாயிறு – வருகை

கன்னிமரியின் உதரத்தில் தங்கிய ஆண்டவரே, பேறுகாலத்தை எதிர்நோக்கும் தாய்மாரையும், குழந்தைப் பேற்றுக்காக ஏங்கும் தம்பதியரையும் ஆசீர்வதியும்.

சத்திரத்தில் இடம் பெறாதவரே, வாடகை வீடும் மறுக்கப்பட்டு அலைவோருக்கும், நாடிழந்து முகாம்களில் வாழ்வோருக்கும் இடம் தாரும்.

இப்பங்கைக் கட்டியெழுப்பி, உயிர்ப்புக்காகக் கல்லறையில் காத்திருக்கும் எம் முன்னோரை உம் ஒளியில் சேர்த்தருளும்.

6. கேட்டவன் கடன்பட்டவன்

இறுதியாக ஒன்று. புனித ஜஸ்டினின் அதே விண்ணப்பத்துக்குத் திரும்புவோம். ஞாயிறு வழிபாட்டை விவரிக்கும் அதே அதிகாரத்தில் அவர் காணிக்கையைப் பற்றியும் எழுதுகிறார். வசதியுள்ளோர் மனமுவந்து தருவது தலைவரிடம் சேர்க்கப்படுகிறது. அதைக்கொண்டு அநாதைகள், விதவைகள், நோயாளிகள், சிறைப்பட்டோர், வழிப்போக்கர் ஆகியோரை அவர் பராமரிக்கிறார். பொது மன்றாட்டும் பொது உண்டியும் ஒரே அதிகாரத்தில், ஒரே வழிபாட்டில்!

ஆகவே விசுவாசிகள் மன்றாட்டு பத்திரமான செபமன்று, ஆபத்தான செபம். ‘பசித்தோருக்கு உணவு தாரும்’ என்று ஒலிபெருக்கியில் சொன்னபின், கோயில் வாசலில் நிற்பவனைத் தாண்டிப் போக முடியாது. ‘தனிமையில் வாடும் முதியோரை நினைத்தருளும்’ என்றபின், மூன்றாம் தெருவில் தனியே இருக்கும் பாட்டியின் கதவைத் தட்டாமல் இருக்க முடியாது. ஆண்டவர் நம் மன்றாட்டைக் கேட்பார்; கேட்டுவிட்டு நம்மையே அனுப்புவார். இசையாஸை அனுப்பியதும் அப்படித்தான். நம்மால் தீர்க்க முடியாத துயரங்களும் உண்டு. அங்கே அருகில் போய் உட்காருவதும் ஓர் அனுப்புதலே.

இந்தப் பொன்விழா ஆண்டில் உங்கள்முன் ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். திருவருகைக் காலத்து நான்கு ஞாயிறுகளிலும், சொல்லப்பட்ட மன்றாட்டுகளில் ஒன்றையாவது அந்த வாரமே நிறைவேற்ற ஒவ்வோர் அன்பியமும் முன்வரட்டும். முதல் ஞாயிறு நோயாளி வீடு. இரண்டாம் ஞாயிறு பேசாதிருக்கும் அண்டை வீடு. மூன்றாம் ஞாயிறு துணியும் அரிசியும் எட்டாத வீடு. நான்காம் ஞாயிறு இந்த ஆண்டில் மரணம் கண்ட வீடு. நான்கு வீட்டு வாசலை மிதித்துவிட்டுக் குடிலின்முன் வந்து முழந்தாளிடுங்கள். அப்போது ‘வாரும்’ என்ற சொல்லுக்கு நம் காலடித் தூசியே சாட்சி சொல்லும்.

தந்தையின் வலப்பக்கத்தில் நமக்காக இடைவிடாது பரிந்து பேசும் கிறிஸ்து ஆண்டவர், இப்பங்கின் எல்லா மன்றாட்டுகளையும் தம் மன்றாட்டோடு சேர்த்துக்கொள்வாராக. காத்திருந்து பெற்றெடுத்த அன்னை மரியாள் நம்மோடு காத்திருப்பாராக. பொன்விழாக் கண்ட இப்பங்கு, ஊரின் பாரத்தைச் சுமக்கும் பங்காக நூற்றாண்டு விழாவும் காண்பதாக!

ஆமென்.